ஆபிரிக்க நாவல் ஒன்றை மாதர் சங்க வாசிப்பு வட்டத்தில் எடுப்பது எப்படி?

மல்லாவி வாசகி

வணக்கம். எங்கட மாதர் சங்க வாசிப்பு வட்டத்தில அடுத்ததாக சிமமண்டா ங்கோசி அடிச்சியின் 'பர்ப்பிள் ஹைபிஸ்கஸ்' எடுக்கிறதாக முடிவு. நைஜீரியக் கதை, 2003இல் வந்தது. ஊருக்குள்ள பெரிய மனுசன், வீட்டுக்குள்ள மனிசியையும் பிள்ளையளையும் வதைக்கிறவர். பதினைந்து வயது மகள் கம்பிலி சொல்லுற மாதிரி எழுதியிருக்கு.

வட்டத்தில 14 பேர். இருக்கிறது இரண்டு இங்கிலிஷ் பிரதி, அதை நேரே வாசிக்கக்கூடியவை மூன்று பேர்தான். பொதுநோக்கு மண்டபத்தில சனிக்கிழமை 2 மணியிலிருந்து 4 மணி வரை கூடுவம். அதுக்குப் பிறகு உள் ரோட்டு ஆக்களுக்குப் பஸ் இல்லை. பாதிக்கு மேற்பட்டவை யுத்தத்தில ஆளைப் பறிகொடுத்தவை. கத்தோலிக்க ஆக்களும் இருக்கினம்.

எத்தினை கூட்டமாகப் பிரிக்கலாம்? எதைச் சத்தமாக வாசிக்கலாம், எதை விடலாம்? "அவ ஏன் விட்டிட்டுப் போகேல்லை" எண்ட கேள்வி கட்டாயம் வரும், அதை எப்பிடிச் சமாளிக்கிறது? ஆரும் தன்ர கதையைச் சொல்லத் தொடங்கினால் என்ன செய்யிறது?

---

குளக்கட்டு

புத்தகம் ஏறக்குறைய 300 பக்கம், நாலு பகுதி. நாலும் சமனில்லை என்பதைத்தான் முதலில் கவனிக்க வேண்டும். குருத்தோலை ஞாயிறு ஒரு நாளோடு முதல் பகுதி முடிந்துவிடும், மிகச் சிறியது. அதற்கு முந்திய மாதங்களைச் சொல்லும் இரண்டாம் பகுதிதான் புத்தகத்தின் பெரும்பங்கு. மூன்றாவது அந்த ஞாயிறுக்குப் பிந்தியது, நாலாவது சில பக்கம்தான். பகுதிக்கு ஒரு கூட்டம் என்று போட்டால் இரண்டாவது கூட்டத்தில் எல்லோரும் மூச்சுத் திணறுவார்கள். ஐந்தாகப் பிரியுங்கள்.

முதல் கூட்டத்துக்கு முதல் பகுதி மட்டும், அதுவும் முழுதாக. மகன் ஜாஜா நற்கருணை வாங்கப் போகாததற்குத் தகப்பன் யூஜின் பூசைப் புத்தகத்தைத் தூக்கி எறிகிறார். அது ஜாஜாவில் படாமல் கண்ணாடித் தட்டில் இருந்த சின்னச் சின்ன நடனப் பொம்மைகளை நொறுக்குகிறது. தாய் பியட்ரிஸ், இனிப் புதுப் பொம்மை வாங்கப் போவதில்லை என்கிறா. ஏன் அப்படிச் சொல்கிறா என்று அன்றைக்கு ஒருவரும் விளக்கக் கூடாது. வாசித்து முடித்தவர்களுக்கு வாய் துருதுருக்கும், அவர்களிடம் முதலே சொல்லி வையுங்கள்.

இரண்டாவது, எனுகு நகரத்து வீடும் சொந்த ஊரான அபாவில் நத்தாரும். தகப்பன் எழுதி ஒட்டும் நேரசூசி, நாக்குச் சுடச் சுடப் பிள்ளைகளுக்கு அவர் கொடுக்கும் ஒரு மிடறு தேநீர், கதையில் வரும் தாயின் முதல் கருச்சிதைவு எல்லாம் இதில் வரும். முதல் பகுதியிலேயே ஒரு இடம் உண்டு: அடி விழும் சத்தம் கேட்ட பிறகு பியட்ரிஸ் சவர்க்காரத் தண்ணீரில் நனைத்த துவாயால் அந்தப் பொம்மைகளைத் துடைப்பா. ஒரு பொம்மைக்குக் குறைந்தது கால் மணித்தியாலம். முகத்தில் கண்ணீர் இராது. கருச்சிதைவு வந்ததும் நிறுத்தி, முதல் கூட்டத்தில் வாசித்த அந்த இடத்தையும் பொம்மை உடையும் பக்கத்தையும் திரும்ப வாசியுங்கள். புத்தகம் எப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்று விளங்கப்படுத்த வேறு விரிவுரை தேவைப்படாது.

மூன்றாவது, இன்சுக்காவில் மாமி இஃபியோமாவின் வீடு, அப்பப்பாவின் சாவு, எனுகுவுக்குத் திரும்பியதும் விழும் தண்டனை. நாலாவது, தகப்பன் நடத்தும் பத்திரிகையின் ஆசிரியர் கொல்லப்படுவது, பிள்ளைகள் வைத்திருந்த அப்பப்பாவின் ஓவியம் தகப்பனிடம் பிடிபடுவது, கம்பிலி ஆஸ்பத்திரியில் கிடப்பது, தாயின் அடுத்த கருச்சிதைவு. ஐந்தாவதில் கடைசி இரண்டு பகுதியும் சேர்த்து.

வாசிக்கும் முறை பற்றி. இங்கிலிஷைப் பார்த்துக்கொண்டே அந்த இடத்தில் தமிழில் சொல்ல எத்தனிக்க வேண்டாம். தடக்கும், தடக்கினால் நுணுக்கம் போய்விடும், "அவர் அடிச்சார், அவ அழுதா" என்று கதை வற்றிவிடும். ஒவ்வொரு கூட்டத்துக்கும் இரண்டு மூன்று பக்கத் துண்டுகள் மூன்றைத் தெரிந்து, கொப்பியில் தமிழில் எழுதிக்கொண்டு வரவேண்டும். வாசிக்கக்கூடியவர்கள் மூன்று பேர் என்றால் ஆளுக்கு ஒரு துண்டு. துண்டுக்கும் துண்டுக்கும் இடையில் கதையை வாயால் சொல்லுங்கள், ஐந்தாறு நிமிடம் போதும். வாசிப்பும் கதை சொல்லலும் ஒரு மணித்தியாலத்தைத் தாண்டக் கூடாது. மிச்சம் கதைக்க.

பெயர்கள் குழப்பும். ஒரு பிறிஸ்டல் போட்டில் மூன்று இடம் வரைந்து, எந்த வீட்டில் ஆர் ஆர் என்று எழுதிச் சுவரில் ஒட்டி விடுங்கள். எனுகுவுக்கும் இன்சுக்காவுக்கும் இடையில் வவுனியா–கிளிநொச்சி தூரத்தை விடக் கொஞ்சம் குறைவு. ஆஸ்பத்திரியிலிருந்து வெளிக்கிட்ட பியட்ரிஸ் வீட்டுக்குப் போகாமல் அவ்வளவு தூரம் ராக்சியில் வருகிறா என்பது அப்போதுதான் உறைக்கும்.

---

முத்தையன்கட்டு

குளக்கட்டு அண்ணை சொன்ன பிரிப்புச் சரி. ஆனால் மூன்றாவது கூட்டத்தில சுடுதண்ணி ஊத்துற இடத்தைச் சத்தமாக வாசிக்காதேங்கோ. கிறிஸ்தவராக மாறாத அப்பப்பாவோட ஒரே கூரைக்குக் கீழ இருந்ததை மறைச்சதுக்காக, மகளைக் குளிக்கிற தொட்டிக்குள்ள நிக்க வைச்சுக் காலில ஊத்துறார். ஊத்தேக்க அவரும் அழுறார். இரண்டு வசனத்தில இவ்வளவையும் சொல்லிப்போட்டு, பிறகு அவர் தன்ர சின்ன வயதுக் கதையைச் சொல்லுற இடத்தை வாசியுங்கோ. படிக்கிற காலத்தில ஒரு பாதிரியார் இவற்ற கையைக் கொதிதண்ணிக்குள்ள வைப்பிச்சவர். அது தன்ர நன்மைக்கு எண்டுதான் யூஜின் இன்னும் நம்புறார்.

இந்த இரண்டையும் பக்கத்தில பக்கத்தில வைச்சால், "பாவம், அவரும் பட்டவர்தானே" எண்டு ஒரு குரல் வரும். வரட்டும். அதே தகப்பன்ர வீட்டில வளர்ந்த தங்கச்சி இஃபியோமா ஏன் தன்ர பிள்ளையளை அப்பிடி வளர்க்கேல்லை எண்டு திருப்பிக் கேளுங்கோ. அவவும் கத்தோலிக்கப் பெண், புருசனை இழந்தவ, கையில காசில்லாத விரிவுரையாளர்.

"ஏன் விட்டிட்டுப் போகேல்லை" பற்றி. அந்தக் கேள்வியைத் தடுக்க ஏலாது, மாத்தலாம். "அவவை அந்த வீட்டில எது எது பிடிச்சு வைச்சிருக்கு?" எண்டு கேட்டு, புத்தகத்தில இருந்து மட்டும் பதில் எடுக்கச் சொல்லுங்கோ. ஒன்று, அவவுக்கு இரண்டே பிள்ளையள். இன்னொரு கலியாணம் செய் எண்டு சாதிசனம் நெருக்கியும் யூஜின் செய்யேல்லை, அதுக்கு அவ அவருக்கு நன்றிக்கடன்பட்டிருக்கிறா. இரண்டு, சொந்த ஊர் முழுக்க அவற்ற காசில சாப்பிடுது. அவருக்கு எதிராக அங்க ஒரு வாய் திறக்காது. மூன்று, "நான் எங்க போறது" எண்டு அவவே நாத்தனாரிட்டக் கேட்கிறா. வெளியில எடுத்துக்காட்டத் தக்க காயம் வந்த பிறகும் அவ திரும்பிப் போறா.

பட்டியல் முடிஞ்ச பிறகு எங்கட பக்கம் வாங்கோ. வன்னியில குடியேற்றத் திட்டக் காணியளின்ர பெர்மிட் பெரும்பாலும் ஆம்பிளையின்ர பேரில. வீட்டுத் திட்டமும் அந்தக் காணியிலதான் கட்டுப்பட்டது. நுண்கடன் மட்டும் பொம்பிளையின்ர பேரில. விட்டிட்டு வெளிக்கிடுற மனிசி காணியை விட்டிட்டு, கடனைத் தூக்கிக்கொண்டுதான் போகவேணும். இதைக் கூட்டத்தில சொன்னால் "ஏன் போகேல்லை" எண்டு கேட்டவையே கணக்குப் பார்க்கத் தொடங்குவினம்.

---

மடு றோட்

கத்தோலிக்க அங்கத்தவர்களும் இருப்பதாகச் சொல்லியிருந்தீர்கள். இந்த நாவல் திருச்சபைக்கு எதிரானது என்று ஆரும் முதலே கதை கட்டிவிட்டால் இரண்டு மூன்று பேர் நின்றுவிடுவார்கள். அதற்கு மறுமொழி புத்தகத்திலேயே இருக்கிறது. எனுகுவில் வெள்ளைக்காரப் பங்குத்தந்தை பெனடிக்ற், பூசையின் முக்கிய பகுதிகள் இலத்தீனில்தான் இருக்க வேண்டும் என்பவர். இன்சுக்காவில் தந்தை அமாடி இக்போ மொழியில் பாடுகிறார், பிள்ளைகளோடு பந்து அடிக்கிறார். மாமி வீட்டில் செபமாலையும் உண்டு, சிரிப்பும் உண்டு. இரண்டாம் கூட்டத்தில் பெனடிக்ற் வரும் துண்டை வாசித்தால், மூன்றாவதில் அமாடி வரும் துண்டையும் கட்டாயம் வாசியுங்கள். ஒன்றை மட்டும் வாசித்தால்தான் பிசகு.

முதல் கருச்சிதைவுக்குப் பிறகு, தாய்க்கு மன்னிப்புக் கிடைக்க என்று தகப்பன் பிள்ளைகளைக் கொண்டு பதினாறு நவநாள் செபம் (ஒவ்வொன்றும் ஒன்பது நாள்) சொல்விக்கிறார். அடித்தவர் அவர், மன்னிப்பு அவவுக்கு. நவநாள் என்றால் என்னவென்று தெரிந்த கத்தோலிக்கப் பெண்களுக்குத்தான் இந்த இடம் ஆழமாகக் குத்தும். ஆகவே அந்தத் துண்டை அவர்களில் ஒருவரே வாசிக்கட்டும்.

யூஜினை வெறும் வேசக்காரராக எடுத்துவிடாதீர்கள். இராணுவ ஆட்சிக்குப் பயப்படாத பத்திரிகை நடத்துகிறார், இலஞ்சம் கொடுக்க மாட்டார், மனித உரிமை விருது வாங்கியவர். இதெல்லாம் பொய் இல்லை. அந்த நல்ல பெயர்தான் வீட்டுக்குள் நடப்பதற்குச் சுற்றுமதிலாக நிற்கிறது. எங்கள் ஊர்களிலும் ஆலய சபையில், கோயில் நிர்வாகத்தில், சங்கத்தில் முன்னுக்கு நிற்கிற ஆளைப் பற்றி ஒரு பெண் முறையிட்டால் நம்ப ஆளிராது. இந்த இடத்தில் மட்டும் ஊர்ப்பெயர், ஆள்பெயர் வராமல் நடத்துபவர் இறுக்கமாக இருக்க வேண்டும். பெயர் வந்தால் அன்றிரவே அந்த வீட்டுக்குப் போய்ச் சேரும், அடி விழுவது அங்கத்தான்.

---

நெடுங்கேணி

நான் மாறிச் சொல்லப்போறன். 14 பேரில முஸ்லிம் ஆக்களும் இருந்தால், அல்லது ஐந்து கிழமை ஒதுக்க ஏலாட்டில், செனகலைச் சேர்ந்த மரியாமா பாவின் 'சோ லோங் எ லெற்றர்' எடுங்கோ. 1979இல் பிரெஞ்சில வந்தது, 100 பக்கம் கூட வராது. புருசன் செத்து இத்தா இருக்கிற ரமதுலாய், தன்ர சிநேகிதிக்கு எழுதுற ஒரே நீளக் கடிதம். இத்தா எண்டால் புருசனை இழந்த முஸ்லிம் பெண் தனிச்சிருந்து துக்கம் காக்கிற நாலு மாதம் பத்து நாள், முஸ்லிம் பெண்களுக்கு விளக்கவே தேவையில்லை. அதில அடி இல்லை. மகளின்ர சிநேகிதியையே இரண்டாம் தாரமாகக் கட்டி, பழைய குடும்பத்தைக் கைவிட்ட புருசன். அவருக்காகத் துக்கம் காக்கவும் வேணும், அவர் செய்ததை நினைக்கவும் வேணும். இரண்டு கூட்டத்தில முடியும்.

---

முத்தையன்கட்டு

நெடுங்கேணி அக்கா, அருமையான புத்தகம்தான். ஆனால் அடி வாங்குற ஆக்கள் உள்ள வட்டத்தில அடி இல்லாத நாவலை எடுத்தால், அந்த ஆக்கள் வழமை போல வாய் மூடிக்கொண்டு இருப்பினம். அவை தெரிவு செய்ததை மாத்த வேண்டாம் எண்டுதான் நினைக்கிறன்.

---

ஏ9 ஓரம்

ஆரும் தன்ர கதையைச் சொல்லத் தொடங்கினால் எண்ட கேள்விக்கு ஒருவரும் மறுமொழி போடேல்லை.

வாசிப்பு வட்டம் விசாரணை நடத்துற இடமில்லை. முதல் கூட்டத்திலேயே ஒரு விதி போடுங்கோ: இங்க கம்பிலியைப் பற்றியும் பியட்ரிசைப் பற்றியும் கதைப்பம், தன்னைப் பற்றிக் கதைக்க விரும்புறவைக்குத் தனிய ஒரு ஆள் இருக்கிறா. அந்த ஆளை முன்கூட்டியே தெரிவு செய்து, கதவுக்குக் கிட்ட இருத்துங்கோ. ஆரும் எழும்பி வெளிய போனால் அவ மட்டும் பின்னால போகவேணும். மூன்று பேர் ஓடினால் முழு ஊருக்கும் விளங்கிப் போகும். சொல்லத் தொடங்கினவவை இடையில வெட்டவும் கூடாது. இரண்டு நிமிடம் கேட்டு, "இதை ஆறுதலாகக் கதைப்பம் அக்கா" எண்டு கையைப் பிடிச்சுக் கூட்டிக்கொண்டு போறது ஒரு பழக்கம், பழகி வையுங்கோ.

சட்டப் பக்கம்: இலங்கையின் 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்கக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம். உடம்பில காயம் இருக்கவேணும் எண்டில்லை, மன வதையும் இதுக்குள்ள அடங்கும். பாதிக்கப்பட்டவ தானே நீதவான் நீதிமன்றத்தில விண்ணப்பிக்கலாம், அவ சார்பில பொலிசும் விண்ணப்பிக்கலாம். அவசரமெண்டால் நீதவான் இடைக்காலக் கட்டளை தரலாம், விசாரணையை 14 நாளுக்குள்ள வைக்கவேணும். பாதுகாப்புக் கட்டளை ஆகக்கூடியது 12 மாதம், பிறகு நீடிக்கக் கேட்கலாம். கட்டளை கிடைச்ச உடன புருசனை மறியலில போடுவினம் எண்டு கன பேர் நினைச்சுப் பயந்து பின்வாங்கினம். அப்பிடியில்லை. கட்டளையை மீறினால்தான் தண்டனை: 10,000 ரூபா வரை தண்டம், அல்லது ஒரு வருடம் வரை சிறை, அல்லது இரண்டும். நாவலில பியட்ரிசுக்கு இப்பிடி ஒரு கதவும் இல்லை. குடும்ப வன்முறையையும் உள்ளடக்கின கூட்டாட்சிச் சட்டம் நைஜீரியாவுக்கு வந்தது 2015இல். கதை நடக்கிறது இராணுவ ஆட்சிக் காலத்தில.

ஆரிட்டப் போறது: பிரதேச செயலகத்தில மகளிர் அபிவிருத்தி உத்தியோகத்தரும் உளவளத்துணை உத்தியோகத்தரும் இருப்பினம். அரசாங்க ஆஸ்பத்திரியளில, வன்முறைக்கு ஆளான பெண்களுக்கு உதவுற நட்பு நிலையம் இருக்கு. அங்க போறது "கிளினிக் போறன்" எண்டு சொல்லிப்போட்டுப் போகக்கூடிய இடம், அதாலதான் அதை முதல் சொல்லுங்கோ எண்டுறன். பொலிசில சிறுவர், மகளிர் பணியகம். ரெலிபோனில பெண்களுக்கு 1938, பிள்ளையளுக்கு 1929.

இலக்கங்களைத் துண்டில அடிச்சுக் குடுக்காதேங்கோ. கைப்பையில துண்டு பிடிபட்டால் அதுக்கும் அடி. பிறிஸ்டல் போட்டில கதாபாத்திரப் பேருக்குக் கீழ ஒவ்வொரு கூட்டத்திலயும் எழுதி விடுங்கோ, இரண்டே இலக்கம்தானே, மனதில நிக்கும். உத்தியோகத்தரைக் கூட்டத்துக்குக் கூப்பிடுறதெண்டால் நாலாவதுக்கு மட்டும், அதுவும் கடைசி அரை மணித்தியாலம். தொடக்கத்தில இருந்து இருந்தால் எல்லாரும் விண்ணப்பப் படிவம் நிரப்புற மாதிரித்தான் கதைப்பினம்.

---

மல்லாவி வாசகி

எல்லாருக்கும் நன்றி. முஸ்லிம் ஆக்கள் இந்த முறை இல்லை, நெடுங்கேணி அக்கா, ஆனால் அந்தப் புத்தகத்தைக் குறிச்சு வைச்சிருக்கிறன்.

இன்னும் ஒன்று. முடிவைப் பற்றி. பியட்ரிஸ் தேத்தண்ணியில நஞ்சு கலந்து புருசனைச் சாக்காட்டுறா எண்டு வந்தவுடன "நல்ல வேலை" எண்டு கை தட்டுவினம், எனக்கு இப்பவே தெரியுது. அதோட கூட்டம் முடிஞ்சிடுமோ எண்டு பயமாக்கிடக்கு.

---

குளக்கட்டு

தட்டட்டும், தங்கச்சி. தட்டி ஓய்ந்ததும் அடுத்த பக்கத்தை வாசியுங்கள். பொலிஸ் வருகிறது. எலிப் பாசாணம் கலந்தது நான்தான் என்று ஜாஜா சொல்கிறான். மறியலில் ஏறக்குறைய மூன்று வருடம். தாயின் உயிருக்கு மகனின் இளமை விலை. "நல்ல வேலை" என்றவர்களிடம் இந்தக் கணக்கைக் கொடுத்தால் சத்தம் தானாக இறங்கும். தகப்பன் சாவோடு கூட்டத்தை முடித்தால் புத்தகத்தின் மிக முக்கியமான இடத்தை விட்ட மாதிரி. ஐந்தாவது கூட்டத்தில் அரைவாசி நேரத்தைக் கடைசிப் பகுதிக்கே வையுங்கள்.

அதில் இரண்டு இடம் முக்கியம். நான்தான் செய்தேன் என்று பியட்ரிஸ் ஆளாளுக்குச் சொல்கிறா, ஒருவரும் நம்பவில்லை. துக்கத்தில் மனம் பேதலித்துவிட்டது என்கிறார்கள். ஒரு வருடம் முழுக்கக் கறுப்போ வெள்ளையோ உடுத்தவில்லை, தலைமயிர் வெட்டவில்லை, ஆண்டுப் பூசைகளுக்குப் போகவில்லை. அதையும் ஊர் துக்கத்தின் கணக்கில் போட்டு மன்னித்துவிடுகிறது. எட்டுச் செலவு, அந்தியேட்டி, ஆட்டைத் திவசம், வெள்ளைச் சேலை, பொட்டு என்று பழகிய எங்கள் பெண்களுக்கு இதில் கதைக்க நிறைய இருக்கும்.

மற்றது கம்பிலி. காலில் சுடுதண்ணீர் ஊற்றிய தகப்பனுக்காக அவள் ஒவ்வொரு ஞாயிறும் பூசை ஒப்புக்கொடுக்கிறாள், கனவிலாவது அவரைக் காண வேண்டும் என்று ஏங்குகிறாள். வன்னியில் இந்த நாவலை வாசிப்பதற்கு இதைவிட வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை. யுத்தத்தில் செத்த, காணாமல் போன ஆண்கள் எல்லோரும் வீட்டில் நல்லவர்களாக இருந்தவர்கள் இல்லை. ஆனால் படத்துக்கு மாலை போட்ட பிறகு அவர்களைப் பற்றி ஒரு சொல் சொல்ல முடியாது. காணாமல் போனவரென்றால் இன்னும் கஷ்டம், கையில் படத்தோடு வீதியில் நிற்கும்போது எந்த மனிசி "அவர் என்னை அடிச்சவர்" என்று சொல்லுவா? அடியும் இழப்பும் ஒரே ஆளிடமிருந்து வந்தவர்கள் உங்கள் 14 பேருக்குள்ளும் இருக்கலாம். வட்டம் இழப்பைப் பற்றி மட்டும் கதைக்கப் பார்க்கும், அது பழகிய தடம். அல்லது அடியைப் பற்றி மட்டும். இரண்டையும் ஒரே கூட்டத்தில் மேசையில் வைக்கக் கம்பிலியால் முடியும். அதற்காக அவளைப் பற்றி மட்டும் கேளுங்கள்: அவள் அழுவது பிழையா? மிச்சத்தை அவரவர் மனதில் வைத்துக்கொண்டு போகட்டும்.

---

ஏ9 ஓரம்

நாலாவது கூட்டத்துக்கு இன்னொரு குறிப்பு. பத்திரிகை ஆசிரியர் காலைச் சாப்பாட்டு மேசையில, குடும்பம் பார்த்துக்கொண்டிருக்க, பொதிக்குள்ள வந்த குண்டு வெடிச்சுச் சாகிறார். அதே கூட்டத்துக்குரிய பகுதியில மாமியின்ர வீட்டுக்குள்ள பாதுகாப்புப் பிரிவு ஆக்கள் புகுந்து பெட்டி, அலுமாரி எல்லாம் கிண்டிக் கொட்டுவினம். எங்கட ஆக்களுக்கு இது கதை இல்லை. முதல் நாளே "இண்டைக்கு இப்பிடி ஒரு இடம் வரும், வேண்டாம் எண்டால் அந்த நேரம் தேத்தண்ணி வைக்கப் போங்கோ" எண்டு சொல்லிவிடுங்கோ. உண்மையிலயே கேத்தில் வைக்க ஒரு இடம் ஒழுங்கு செய்யுங்கோ, எழும்பிப் போறதுக்குச் சாட்டு வேணும்.

---

முத்தையன்கட்டு

திகதியையும் பாருங்கோ தங்கச்சி. ஐந்து சனிக்கிழமையை எண்ணி வரேக்க நாலாவதும் ஐந்தாவதும் மே 18ஐ ஒட்டியோ நவம்பர் கடைசிக் கிழமையிலயோ விழாமல் போடுங்கோ. அந்த நினைவு நாட்களில பாதிப் பேர் வரமாட்டினம், வாறவையும் வேற நினைப்பிலதான் இருப்பினம். தை பிறந்து அரிவு வெட்டு முடிஞ்ச பிறகு தொடங்கினால் குருத்தோலை ஞாயிறுக்கு முதல் முடிக்கலாம்.